திருநெல்வேலிச் சீமையில் பௌத்தம்: கல்லில் என்ன இருக்கு, ஏட்டில் என்ன இருக்கு?

பொருநைவாசி:
வாட்சப்பில் ஒரு பட்டியல் சுத்திக்கிட்டு இருக்கு. மருகால்தலைக் குகை, கழுகுமலைச் சிற்பம், பொதிகை மலை, காரையார் சொரிமுத்தையனார், சங்கரன்கோவில் பக்கம் வீரிருப்பு ஸ்தூபி எல்லாத்தையும் ஒரே கட்டாக் கட்டி "நெல்லையின் பௌத்த அடையாளங்கள்"னு போட்டிருக்காங்க. இதுல எது நிக்கும், எது விழும்? விவரம் தெரிஞ்ச அண்ணாச்சிமார் யாராவது ஒவ்வொண்ணா எடுத்துப் பேசுங்க. இருந்தது, இல்லைன்னு மட்டும் சொல்லாம, எதை வச்சுச் சொல்லுதீங்கன்னும் எழுதுங்க.

கல்லெழுத்து:
வீரிருப்பை முதலிலேயே கழித்துவிடலாம். அது நிப்போன்சான் மியோஹோஜி என்ற ஜப்பானியப் பௌத்த சங்கத்தார் கட்டிய உலக அமைதி ஸ்தூபி, 2020இல் திறந்தது. கட்டடம் அழகுதான், ஆனால் பழமைக்குச் சான்றாகாது.

கழுகுமலை சந்தேகமே இல்லாமல் சமணம். எட்டாம் நூற்றாண்டை ஒட்டிப் பாண்டியன் பராந்தக நெடுஞ்சடையன் காலத்தில் தழைத்த இடம். பாறையில் வரிசை வரிசையாகத் தீர்த்தங்கரர்கள், தலைக்கு மேல் முக்குடை, தனியாகப் பார்சுவநாதர், பாகுபலி, சிங்கத்தோடு அம்பிகை. வட்டெழுத்துக் கல்வெட்டுகளில் குரவர், குரத்தியர் (சமண ஆசிரியர்கள், ஆசிரியைகள்) பெயர்கள் வருகின்றன. குயவர், தச்சர் வரைக்கும் செலவு கொடுத்துச் சிற்பம் செய்வித்திருக்கிறார்கள். யார், எந்த ஊர், யார் பேரில் என்று கல்லே சொல்லும் இடத்தில் நாம் ஊகிக்க எதுவும் இல்லை.

மருகால்தலைதான் பேச வேண்டிய இடம். பாளையங்கோட்டைக்குக் கிழக்கே சீவலப்பேரிப் பக்கம் இருக்கும் குன்று. குகையின் நெற்றியில் தமிழ் பிராமி எழுத்தில் ஒரே வரி: "வெண் காஸிபன் கொடுபித கல் கஞ்சணம்". வெண் காஸிபன் என்பவர் கொடுக்கச் செய்த கல் படுக்கை என்று பொருள் கொள்கிறார்கள். 1900களின் தொடக்கத்தில் இந்தக் குகை எழுத்துகள் வெளிச்சத்துக்கு வந்தபோது, இலங்கைக் குகைகளைப் போலவே இருக்கின்றன, ஆகவே பௌத்தம் என்றுதான் வெங்கையா போன்ற கல்வெட்டறிஞர்கள் நினைத்தார்கள். இவை தமிழில் எழுதப்பட்டவை என்று 1924இல் கே. வி. சுப்பிரமணிய ஐயர் காட்டினார். பிறகு ஐராவதம் மகாதேவன் பெரும்பாலானவற்றைச் சமணக் கணக்கில் சேர்த்தார். வாட்சப் பட்டியல்காரர் அந்த முதல் கட்டத்திலேயே நின்றுவிட்டார்.

பொருநைவாசி:
காஸிபன்னா கஸ்ஸபர் இல்லையா? அது பௌத்தத் துறவி பேருதானே?

கல்லெழுத்து:
அந்த வாதம் மூன்று இடத்தில் உடைகிறது. காஸிபன் கொடுத்தவர், குகையில் தங்கிய துறவி இல்லை. காசியபம் என்பது கோத்திரப் பெயர், பிராமணரிலும் உண்டு. எல்லாவற்றுக்கும் மேலாக மகாவீரரே காசியப கோத்திரத்தார். ஆகவே அந்தப் பெயரை வைத்து எந்தச் சமயத்துக்கும் முத்திரை குத்த முடியாது.

உருப்படியான சோதனை வேறொன்று உண்டு. இலங்கையில் மழைநீர் உள்ளே வழியாதபடி குகை நெற்றியில் ஒரு காடி (நீண்ட பள்ளம்) வெட்டி, அதன் கீழ் பிராமியில் எழுதியிருப்பார்கள். அங்கே திரும்பத் திரும்ப வரும் வாசகம், "வந்திருக்கும், வரப்போகும் நாற்றிசைச் சங்கத்துக்கு" என்பது. நூற்றுக்கணக்கான குகைகளில் அதே வாய்பாடு. நம் பக்கத்துக் குகைகளிலும் காடி உண்டு, தலைமாடு உயர்த்திய படுக்கை உண்டு. ஆனால் அந்த வாசகம் இல்லை. இங்கே வருவன பள்ளி, அதிட்டானம், பாளி, கஞ்சணம் போன்ற சொற்கள். கட்டட முறை பொதுவானது. மழை சமணருக்கும் பௌத்தருக்கும் ஒரே மாதிரிதான் பெய்யும். காடியைப் பார்த்துச் சமயம் சொல்லாதீர்கள், வாசகத்தைப் பாருங்கள்.

ஏட்டுச்சுவடி:
கல்லெழுத்து அண்ணாச்சி சொல்வது சரி. ஆனால் கல்லோடு நிறுத்திவிட்டால் கணக்குக் கோணலாகப் போய்விடும். கல்லில் இல்லாதது ஏட்டில் இருக்கிறது.

ஏழாம் நூற்றாண்டில் காஞ்சி வரை வந்த சீன யாத்திரிகர் சுவான்சாங், அதற்குத் தெற்கே மலகூடம் என்று ஒரு நாட்டைச் சொல்கிறார். கடல் விளைபொருள் வந்து குவியும் நாடு, மக்கள் வாணிகத்தில் கெட்டிக்காரர்கள். பழைய விகாரைகள் (பௌத்த மடங்கள்) பல, ஆனால் சுவர்தான் மிச்சம், துறவிகள் சிலர்தான். தேவாலயங்கள் நூற்றுக்கணக்கில், நிர்க்கிரந்தர் ஏராளம். நிர்க்கிரந்தர் என்றால் சமணர். அசோகனின் தம்பி மகேந்திரன் கட்டியதாக ஒரு பழைய விகாரை புதர் மண்டிக் கிடக்கிறது, அடித்தளம்தான் நிற்கிறது. பிறகு சந்தனம் விளையும் மலய மலை, அதற்குக் கிழக்கே பொதலக மலை, உச்சியில் ஏரி, அங்கே அவலோகிதேசுவரர் என்ற போதிசத்துவர் உறைகிறார், ஏரியிலிருந்து இறங்கும் ஆறு மலையைச் சுற்றிச் சுற்றிக் கடலுக்குப் போகிறது, வடகிழக்கே கடற்கரையில் சிங்களத்துக்குக் கப்பல் ஏறும் பட்டினம்.

இந்தப் பொதலகம் நம் பொதியில் (பொதிகை) மலைதான் என்று விரிவாக வாதிட்டவர் ஜப்பானிய அறிஞர் ஷூ ஹிக்கோசாகா. சந்தனம், ஆறு, கடல், கப்பல் துறை நான்கும் ஒருசேரப் பொருந்துவது இந்தச் சீமையில்தான் என்பது அந்த வாதத்தின் பலம்.

கல்லெழுத்து:
தூரக் கணக்கையும் சொல்லுங்க அண்ணாச்சி. காஞ்சியிலிருந்து 3000 லீ என்கிறார். ஒரு லீ ஏறக்குறைய 400 முதல் 500 மீட்டர். அப்படியென்றால் 1200 முதல் 1500 கிலோமீட்டர். காஞ்சியிலிருந்து திருநெல்வேலி சாலை வழியாகவே சுமார் 600தான். கன்னியாகுமரியைத் தாண்டிக் கடலுக்குள் விழ வேண்டிவரும்.

ஏட்டுச்சுவடி:
அதனால்தான் பலர் அவர் மலகூடத்துக்கு நேரில் வரவில்லை, காஞ்சியில் கேட்டதை எழுதினார் என்று கருதுகிறார்கள். இலங்கையில் குழப்பமும் பஞ்சமும் என்று காஞ்சிக்கு வந்து இறங்கிய துறவிகளை அங்கே சந்தித்தார் என்று அவர் வாழ்க்கை வரலாறு சொல்கிறது. கேட்டு எழுதியதில் தூரம் பிசகும். ஆனால் "விகாரை இடிந்து கிடக்கிறது, சமணர் நிறைய" என்ற பொது நிலவரத்தை ஒரு பௌத்தர் பொய்யாகச் சொல்லக் காரணம் இல்லை. தன் சமயம் தேய்ந்துபோனதை அவரே ஒப்புக்கொள்கிறார். எனக்கு அந்த விவரிப்பில் மலையைவிட இதுதான் பெரிது: ஏழாம் நூற்றாண்டுக்கு முன்பே தெற்கே பௌத்தம் ஓங்கித் தளர்ந்துவிட்டது.

இன்னும் இரண்டு ஏடுகள். சீனாவில் மந்திரயானம் என்ற பௌத்தப் பிரிவைப் பரப்பிய வச்சிரபோதி கி.பி. 720 வாக்கில் கடல் வழியாக அங்கே போய்ச் சேர்ந்தார். அவருடைய ஊரைப் பொதலகத்துக்கு அருகே மலய நாட்டில் வைக்கும் சீனக் குறிப்பு உண்டு. அடுத்தது வீரசோழியம். பதினோராம் நூற்றாண்டில் வீரராசேந்திரன் காலத்தில் புத்தமித்திரர் செய்த இலக்கணம். அதன் பாயிரத்தில் அகத்தியன் தமிழை அவலோகிதனிடம் கேட்டு உலகுக்குச் சொன்னான் என்று வருகிறது. பொதியில் முனிவனையே அவலோகிதனின் மாணாக்கனாக ஆக்கிவிட்டார்! சைவர்கள் சிவபெருமானிடம் கேட்டான் என்பார்கள். ஒரே மலைக்கு, ஒரே முனிக்கு இரண்டு சமயமும் உரிமை கொண்டாடியதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

மேலமலை:
பொதிகை என்றவுடனே பலபேர் "ஏறிப் பார்த்துச் சிலையைக் கண்டுபிடிக்கலாம்"னு கிளம்புதாங்க. உச்சி 1868 மீட்டர். நம்ம பக்கம் களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்தின் உள்வட்டம், அனுமதி இல்லாமல் நுழைந்தால் வனக் குற்றம். முறையான நடைப்பயணம் கேரளப் பக்கம் போனக்காட்டிலிருந்துதான், வழக்கமா ஜனவரி பிப்ரவரியில் வனத்துறை பதிவு திறக்கும். உச்சியில் இருக்கும் அகத்தியர் சிலையைப் பார்த்துட்டு வந்து "பழைய அவலோகிதர்"னு எழுதுறவங்களும் உண்டு. சுவான்சாங் சொன்ன ஏரியும் உச்சியில் கிடையாது. தாமிரபரணி பூங்குளத்தில் பிறக்குது, அதை வேணும்னா ஏரிக்கு ஈடாச் சொல்லிக்கலாம்.

இந்தப் பேச்சில் ஆய் அரசர்களை யாரும் தொடவே இல்லையே. பொதியில் மலையைச் சுத்தி ஆண்டது அவங்கதான். ஒன்பதாம் நூற்றாண்டின் கடைசி ஒட்டி இருந்த விக்கிரமாதித்த வரகுணனின் பாலியம் செப்பேடு, மலையாளக் கரையில் இருந்த ஸ்ரீமூலவாசம் என்ற பௌத்த விகாரத்துக்கு நிலம் கொடுத்ததைச் சொல்லுது. அதே அரசன் பேரைச் சொல்லும் கல்வெட்டு ஒண்ணு இப்போதைய குமரி மாவட்டம் சிதறால் மலையில் இருக்கு, அது ஒரு சமணக் குரத்தியார் கொடுத்த கொடை. ஒரே ஆட்சியில் பௌத்த விகாரத்துக்கும் சமணப் பள்ளிக்கும் கொடை போயிருக்கு. பொதிகைச் சீமையில் பௌத்தத்துக்கு அரச ஆதரவு இருந்ததுக்கு இதுதான் உறுதியான ஆவணம். ஆனால் விகாரம் இருந்தது மேற்குக் கடற்கரையில், கிழக்குச் சரிவில் இல்லை. அதையும் சேர்த்தே சொல்லணும்.

கொற்கைமுத்து:
நான் சொல்ல நினைத்தது துறைமுகம் பற்றி. பௌத்தம் வணிகர் கூடவே நடந்த சமயம். அசோகன் கல்வெட்டுகளில் சோழர், பாண்டியர், சத்தியபுத்திரர், கேரளபுத்திரர், தாம்பபண்ணி (இலங்கை) வரை என்று ஒரே மூச்சில் வருகிறது. மகிந்தர் (சுவான்சாங் சொல்லும் மகேந்திரன்) பணி இலங்கையில் வேர் பிடித்தது கி.மு. மூன்றாம் நூற்றாண்டில். இலங்கைக்கு எதிரே முத்துத் துறையாகக் கொற்கை இருந்தது. கிரேக்க, ரோம எழுத்தாளர்கள் கொல்கி என்று எழுதியது இதைத்தான். அனுராதபுரத்தில் தமிழ் இல்லறத்தார் தங்கள் இருக்கை முறைப்படி பெயர் பொறித்த கல் மேடையே உண்டு. ஆள் போக்குவரத்துக்கு ஐயமே இல்லை.

அப்படியானால் கொற்கையில் விகாரம் எங்கே? தமிழ்நாடு தொல்லியல் துறை 1968-69இல் அகழ்ந்தபோது செங்கல் கட்டுமானமும் உறைகிணற்றுச் சுடுமண் உறைகளும் கிடைத்தன. பௌத்தம் என்று சொல்லத்தக்க கட்டடம் அடையாளம் காணப்படவில்லை. காவிரிப்பூம்பட்டினத்தில் பல்லவனேசுவரத்தில் என்ன கிடைத்தது என்று பாருங்கள்: செங்கல் விகாரம், சுண்ணாம்புக் கல்லில் புத்த பாதம். அந்த மாதிரி ஒன்று கொற்கையில் கிடைத்தால் பேச்சே மாறும். கிடைக்காததற்கு ஒரு காரணம் மண். பொருநை (தாமிரபரணி) வண்டல் கொட்டிக் கொட்டிக் கடல் ஆறேழு கிலோமீட்டர் தள்ளிப் போய்விட்டது. பழைய ஊர் வண்டலுக்கும் வாழைத் தோட்டத்துக்கும் அடியில் கிடக்கிறது. இன்னொரு காரணம் செங்கல் திருட்டு. சங்க காலச் செங்கல் பெரிது, கனம் அகலம் நீளம் ஏறத்தாழ 1:3:6 விகிதம். மண் தோண்டும் எவரும் அதை விட்டுவைக்க மாட்டார்கள். வீட்டுச் சுவரிலோ கிணற்று வாயிலோ அப்படிப்பட்ட செங்கல் தெரிந்தால் மூன்று அளவையும் எடுத்து எழுதுங்கள். ஆனால் "பெரிய செங்கல், ஆகவே விகாரம்" என்று முடிவு கட்டாதீர்கள். அது காலத்தைத்தான் சொல்லும், சமயத்தைச் சொல்லாது.

பொருநைவாசி:
சாஸ்தா? சொரிமுத்தையனார்? எங்க பக்கம் பாதிப் பேருக்குக் குலதெய்வமே சாஸ்தாதான், பங்குனி உத்திரத்துக்குக் கூட்டம் தாங்காது. சாஸ்தா என்பது புத்தர் பேருன்னு சொல்லுதாங்களே?

ஏட்டுச்சுவடி:
அமரகோசத்தில் புத்தரின் பெயர்களுள் ஒன்றாகச் சாஸ்தா இருப்பது உண்மை. சிலப்பதிகாரத்தில் பாசண்டச் சாத்தன் (சாத்தன் என்பது சாஸ்தாவின் தமிழ் வடிவம்) கோயில் வருவதும் உண்மை. ஆனால் பெயர் ஒன்றாக இருப்பது ஆள் ஒன்று என்பதற்குப் போதாது. போதிப்பவன் என்று யாரையும் அழைக்கலாம்.

உருவத்தைப் பார்த்தால் சாஸ்தா வேறு மரபு. கையில் செண்டு என்ற கோல், இரு பக்கமும் பூரணை, புஷ்கலை, யானை அல்லது குதிரை. ஒரு காலைக் குத்திட்டு யோகப்பட்டம் என்ற துணிப்பட்டை கட்டியும் இருப்பார். துணைவியரோடு இருக்கும் புத்தர் கிடையாது. சொரிமுத்தையனார் கோயிலில் ஆடி அமாவாசைக்குக் கூடும் கூட்டம் வழிபடுவது காடும் காவலும் சேர்ந்த ஒரு தெய்வத்தை. அதைப் பௌத்த எச்சம் என்று சொல்ல, நடுவில் ஒரு சங்கிலியாவது காட்ட வேண்டும். நான் பார்த்த வரை எல்லோரும் பெயரிலேயே நிற்கிறார்கள்.

தேவாரத்தைக் காட்டுபவர்களுக்கும் ஒரு வார்த்தை. சம்பந்தர் பதிகங்களில் பத்தாம் பாட்டில் சமணரையும் சாக்கியரையும் (பௌத்தரையும்) சேர்த்துச் சாடுவது பதிக அமைப்பு. பதினோராம் பாட்டில் தன் பேர் சொல்வதைப் போல. அதை வைத்துத் திருநெல்வேலியிலோ குற்றாலத்திலோ புத்த விகாரம் இருந்தது என்று ஊர்வாரியாகக் கணக்கெடுக்க முடியாது. ஏழாம் நூற்றாண்டுத் தமிழ்நாட்டில் மூன்று தரப்பும் மோதின என்பதற்குத்தான் அது சாட்சி.

சிங்கள வரலாற்று ஏடு சொல்லும் இன்னொரு சம்பவத்தையும் தவறாக இழுப்பார்கள். பதின்மூன்றாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆரியச்சக்கரவர்த்தி படையோடு போய்ப் புத்தரின் தந்த தாதுவைப் பாண்டியன் குலசேகரனிடம் கொண்டுவந்து சேர்த்தான். மூன்றாம் பராக்கிரமபாகு நேரில் வந்து பேசித் திரும்பப் பெற்றான். கொஞ்ச காலம் புத்தரின் பல் பாண்டிய நாட்டில் இருந்தது என்பது சுவையான செய்தி. ஆனால் அது போர்க் கொள்ளை. அரியணைக்கு உரிமை தரும் பொருள் என்பதால் எடுத்தார்கள், வணங்க இல்லை.

கல்லெழுத்து:
அடுத்து எல்லோரும் கேட்கப் போவது "எங்க ஊர் வயக்காட்டில் ஒரு உட்கார்ந்த சிலை இருக்கு, புத்தரா?" என்பது. இப்போதே சொல்லிவிடுகிறேன்.

உட்காரும் முறையைப் பார்க்காதீர்கள். நம் பக்கத்துக் கல்லில் புத்தரும் தீர்த்தங்கரரும் வலக்காலை இடக்காலின் மேல் போட்டு, மடியில் கை மேல் கை வைத்து ஒரே மாதிரி இருப்பார்கள். சுருள் முடி, தொங்கும் காது இரண்டுக்கும் பொது. பார்க்க வேண்டியது துணி. இடத் தோளிலிருந்து வலக் கக்கம் நோக்கி மார்பின் குறுக்கே ஒரு கோடு போகிறதா? இடத் தோளில் மடிப்பு முனை தொங்குகிறதா? கணுக்காலிலும் இட மணிக்கட்டிலும் துணி விளிம்பு தெரிகிறதா? இதில் இரண்டு இருந்தால் புத்தர் பக்கம் சாயலாம். முதுகையும் பாருங்கள். முன்பக்கம் எண்ணெய் அப்பித் தேய்ந்திருந்தாலும் முதுகில் கோடு பிழைத்திருக்கும். தலை உச்சியில் புடைப்பும் அதன் மேல் தீச்சுடரும் இருந்தால் உறுதி. உள்ளங்கையில் சக்கரக் குறியும் துணைச் சான்று.

சமணத்துக்கு: துணிக் கோடு அறவே இல்லாமை, தலைக்கு மேல் முக்குடை, இரு பக்கமும் சாமரம் வீசுவோர். வடநாட்டு நூல்களைப் படித்துவிட்டு மார்பில் ஸ்ரீவத்சம் தேடாதீர்கள். தமிழ்நாட்டில் பெரும்பாலும் இருக்காது. அது இல்லை, ஆகவே புத்தர் என்று எழுதுவதுதான் இணையத்தில் மலிந்த பிழை. இரண்டாவது பிழை பாம்பு. தலைக்கு மேல் ஐந்தலை நாகம் என்றால் இங்கே பெரும்பாலும் பார்சுவநாதர். முசலிந்த நாகத்தின் கீழ் இருக்கும் புத்தருக்குப் பாம்பின் சுருளே ஆசனமாக இருக்கும்.

படம் எடுக்கும் முறை: பட்டப்பகலில் எடுத்தால் ஒன்றும் தெரியாது. மாலையில் டார்ச்சைக் கல்லோடு ஒட்டி, பத்துப் பதினைந்து பாகை சாய்வில் ஒரு பக்கமிருந்து அடியுங்கள். அரை மில்லிமீட்டர்க் கோடும் நிழல் விழுந்து எழும்பும். இடம், வலம், மேல், கீழ் என்று நான்கு திசையிலிருந்தும் வெளிச்சம் மாற்றி எடுங்கள். பக்கத்தில் அளவுகோல் வையுங்கள். எலுமிச்சை, சீயக்காய், அமிலம், கம்பித் தூரிகை எதுவும் கிட்டே போகக் கூடாது. சாக்கட்டியால் கோட்டை நிரப்பாதீர்கள்: நீங்கள் நினைத்த கோட்டைத்தான் அடுத்தவர் படிப்பார்.

மேலமலை:
எழுத்து இருந்தா மைப்படி (தாளில் மை ஒற்றி எடுக்குற படி) எடுக்கலாமா?

கல்லெழுத்து:
காப்பிடப்பட்ட இடம் என்றால் துறை அனுமதி இல்லாமல் கையே வைக்கக் கூடாது. முறை தெரிந்திருப்பது நல்லது. கல்லை மென்மையான தூரிகையால் துடைத்து நீர் விட்டு ஊற வைப்பார்கள். எழுத்துப் பரப்பைவிடச் சுற்றிலும் நாலு விரல் கூடுதலான தாளை நனைத்து, நடுவிலிருந்து ஓரத்துக்குக் காற்றுக் குமிழ் தள்ளி ஒட்டி, தட்டும் தூரிகையால் தாள் பள்ளத்துக்குள் இறங்கும்வரை அடிப்பார்கள். தாள் வெளுக்க ஆரம்பிக்கும் பதத்தில்தான் மை ஒற்ற வேண்டும். ஈரத்தில் ஒற்றினால் மை பரவி எழுத்தை மூடும். முழுக்கக் காயவிட்டால் தாள் கல்லை விட்டு எழும்பி எழுத்து இரட்டிக்கும். பங்குனி சித்திரையில் நம் ஊர்க் காற்றில் அந்தப் பதம் சில நிமிடம்தான் நிற்கும், அதனால் காலையில் வேலையைத் தொடங்குவார்கள். மையை ஒரே அடியாக அப்பாமல் மூன்று மெல்லிய ஒற்றல்.

அனுபவம் இல்லாதவர்கள் இதற்குப் பதில் செல்பேசிப் படங்களை ஒன்றன் மேல் ஒன்று எழுபது சதவீதம் படியும்படி வரிசையாக எடுத்துக் கொடுத்தால் போதும். முப்பரிமாண வடிவமாகக் கோத்துப் படிக்கலாம், கல்லும் கெடாது.

கொற்கைமுத்து:
மண்ணுக்குள்ளிருந்து சிலையோ செப்போ வந்தால் 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டம் பொருந்தும். தாசில்தார் வழியாக ஆட்சியருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். வீட்டுக்குக் கொண்டுபோய் வைத்துப் பால் ஊற்றுவதைவிட, கிடைத்த குழியின் ஆழம், பக்கத்தில் கிடந்த பானை ஓடு, மண்ணின் நிறம் மூன்றையும் குறித்து வைப்பது பெரிய உபகாரம். இடத்தை இழந்த சிலை பாதி சாட்சி.

பொருநைவாசி:
அப்போ பட்டியலைத் திருத்தி அனுப்புதேன். கழுகுமலை சமணம். மருகால்தலை சமணமாகவே பெரும்பாலும் கொள்ளப்படுது, பௌத்தம்னு காட்ட வாசகம் இல்லை. பொதியில் ஏட்டுச் சான்று வலு, கல் இல்லை. பாலியம் செப்பேடு உறுதி, ஆனால் மேற்குக் கரை. சாஸ்தா நிரூபணம் இல்லை. வீரிருப்பு 2020. இதில் மாத்தணும்னா சொல்லுங்க.

ஏட்டுச்சுவடி:
பொதியிலுக்கு எதிரே "தூரம் பொருந்தவில்லை" என்றும் போடுங்கள். இல்லாவிட்டால் நாளைக்கு அதையே யாராவது கண்டுபிடித்துச் சண்டைக்கு வருவார்.

மேலமலை:
அனுமதி விவரத்தையும் போட்டிருங்க அண்ணாச்சி, பட்டியலைப் பார்த்துட்டு மலைக்குக் கிளம்புற ஆட்களுக்கு.